பாதிப் படமும் மீதிக் கதையும்

இரண்டாயிரத்து இருபத்தொன்றாம் ஆண்டு ஐப்பசியில், அடைமழை சற்றே ஓய்ந்திருந்த ஒரு பிற்பகலில், முத்துச்செல்வி எங்கள் வீட்டு மாடிப்படியில் அமர்ந்து, நனைந்த காலணிகளை ஒரு கையில் தூக்கிப் பிடித்தபடி, தான் பார்த்திராத ஒரு திரைப்படத்தின் முடிவைச் சொல்லிக்கொண்டிருந்தாள். கீழ்ப்படிகளில் அவளுடைய அறைத்தோழியர் தொழிற்சாலைச் சீருடையைக்கூட மாற்றாமல் வாய் பிளந்து கேட்டுக்கொண்டிருந்தனர். மாடியறைக்கு வாடகைக்கு வந்திருந்த அவளை நான் பார்த்தது அதுவே முதன்முறை.

"பொறவு என்னாச்சுன்னா, அந்தப் பிள்ள அழல, ஓடல. நேரா அடுப்பங்கரைக்குப் போச்சு. அந்தக் கரண்டிய எடுத்துக் கெணத்துல போட்டுட்டு. அம்புட்டுதான் படம்."

"கிளைமாக்ஸ்ல ஒரு ஃபைட்டுகூடவா இல்ல?" என்று ஏமாற்றத்துடன் கேட்டாள் சுகப்பிரியா.

"கரண்டிக்கும் கெணத்துக்கும் என்னட்டி ஃபைட்டு?"

எங்கள் பிள்ளைப்பாக்கத்திலிருந்து வல்லம் வடகால் தொழிற்பேட்டைக்குச் செல்லும் அவர்களது நிறுவனப் பேருந்தில், ஓட்டுநர் இருக்கைக்குமேல் ஒரு சிறிய திரை உண்டு. விடியற்காலையில், ஏரியிலிருந்து எழும் பனிக்குள் வண்டி புறப்படும்போது ஒரு படம் தொடங்கும். ஊர்தோறும் நின்று ஆளேற்றிக்கொண்டு தொழிற்சாலை வாயிலை அடைகையில் கதை இடைவேளையைக்கூட எட்டியிராது. பிற்பகலில் திரும்பும் வண்டி வேறு. அதில் ஓடும் படமும் வேறு. ஆகவே அப்பெண்கள் பார்த்த படங்களுக்கெல்லாம் தொடக்கம் மட்டுமே உண்டு. திரையின் நீல வெளிச்சம் முகங்களில் அலைய, பாதித் தூக்கத்தில் கண்ட காட்சிகள், கலையாத கனவுபோல் பணிநேரம் முழுவதும் அவர்களுடன் நடமாடும். கைப்பேசியில் தேடினால் முடிவு கிடைக்காமற்போகாது. எனினும் முத்துச்செல்வி சொல்லும் முடிவையே அவர்கள் விரும்பினர்.

ஓட்டுநர் பாபுவுக்கும் அதே நோய்தான். எங்கள் தெருமுனையில் வண்டியை நிறுத்திவிட்டு, "இன்னாம்மா முத்து, நேத்துப் படம் எப்டி முடிஞ்சுது? சொல்லிட்டு ஏறு" என்பார்.

"நீங்க முழுசாப் போட்டாத்தானே அண்ணே தெரியும்!"

"நான் இன்னா பண்றது? வில்லன் வர்றதுக்குள்ள கம்பெனி கேட்டு வந்துடுது."

கார்களுக்கான மின்கம்பிகளைக் கற்றைகளாகச் சேர்த்துக் கறுப்பு நாடா சுற்றுவது அவளது வேலை. அவ்வேலை விரல்களில் ஏறிக் குடியிருந்தது. வாளியின் பிடி, குடையின் கைப்பிடி, உடைந்த சீப்பு என எது கையில் அகப்பட்டாலும் அதன்மேல் நாடா சுற்றிவிடுவாள். கதை சொல்லும்போது சுற்றுவதற்கு ஒன்றும் இல்லையென்றால் துப்பட்டாவின் நுனி ஒரு விரலில் ஏறி இறங்கிக்கொண்டிருக்கும். சித்திரை வெயிலிலும் மணிக்கட்டுவரை இறங்கும் முழுக்கைச் சட்டைதான். தேநீரை ஆடை படியும்வரை ஆறவிட்டே குடிப்பாள். அறைத்தோழியர் முறைவைத்துச் சமைத்தனர்; அவளுடைய நாளன்று இட்லி மட்டுமே வேகும். "அக்கா சமையல்னா தோசைக்கு லீவும்மா" என்று சுகப்பிரியா கேலி செய்வாள். தோசைக்கரண்டியை அவள் தொட்டு நான் பார்த்ததேயில்லை.

என்னை முத்துச்செல்வி 'ஆச்சி' என்றழைத்தாள். மற்றப் பெண்கள் வீட்டுக்காரரை 'அம்மா' என்றழைக்கும் வழக்கத்தை அவள் மேற்கொள்ளவில்லை.

அவள் கதைகளில் ஒரு விந்தையை நான் சில மாதங்களுக்குப் பின்னரே கவனித்தேன். படத்தில் சித்தி வந்தால், கதை அவள் வாயில் ஒரு கணம் தயங்கும். சித்தி குழந்தையைப் பட்டினி போடுவாள், இருட்டறையில் அடைப்பாள். பெற்றவளோ சுவரில் மாலையிட்ட படமாகப் புன்னகைத்துக்கொண்டிருப்பாள். முத்துச்செல்வி சொல்லும் முடிவில் அந்தச் சுவர்ப்படம் எப்படியாவது கீழே விழுந்துவிடும். அல்லது யாரேனும் அதைத் திருப்பி மாட்டிவிடுவார்கள். ஏனென்று ஒருநாள் கேட்டேன். மாடியில் துணி மடித்துக்கொண்டிருந்தவள், என்னைப் பாராமலே பேசினாள்.

"சினிமாவுல சூடு வைக்கது எப்பவும் சித்திதான் ஆச்சி. பெத்தவ வைக்க மாட்டா. பெத்தவ வச்சா அந்தப் பிள்ள எந்தப் படத்துக்குப் போவும்?"

பிறகு சட்டைக்கையைச் சற்றே உயர்த்தினாள். முன்கையில், தோசைக்கரண்டியின் அகலமான முனை, அச்சு எடுத்ததுபோல் இருந்தது.

நாங்குநேரிக்கு அருகே அவளது ஊர். தாய் மீனம்மாள் பீடி சுற்றுபவர். அவருக்கு வறுமையோ, துயரமோ, கணவனின் கொடுமையோ இருந்திருக்கும் என்று நான் சொல்லத் தொடங்கினேன். அவள் கையுயர்த்தி நிறுத்தினாள்.

"இருந்துச்சு ஆச்சி. பக்கத்து வீட்டுலயும் இருந்துச்சு. அங்க யாருக்கும் சூடு விழல." மடித்த துணியை மறுபடி உதறி மடித்தாள். "அதுகூடப் போட்டும். மறுநாளு பக்கத்து வீட்டு டி.வி.யில படம். சித்தி பிள்ளைக்குச் சூடு வைக்கா. எங்கம்மா அழுதா பாருங்க, அப்படி ஒரு அழுக. என் கையப் பிடிச்சுக்கிட்டே அழுதா. நான்தான் கைய உருவிக்கிட்டேன். புண்ணு ஆறல."

அன்று மாலை நான் என் புத்தக அலமாரியைத் துழாவினேன். வாழ்நாளெல்லாம் அச்சுப்பிழை திருத்திப் பிழைத்தவள் நான்; நாவல்களுக்குக் குறைவில்லை. கடுமையான தாய்மார் வரும் நூல்களைத் தேர்ந்தெடுத்துக் கொடுத்தேன். ஒவ்வொன்றாகப் படித்துத் திருப்பித் தந்தாள். கடைசி நூலைத் தரும்போது அவள் குரலில் மெல்லிய சலிப்பு இருந்தது.

"ஏன் ஆச்சி, எல்லாக் கதையிலயும் கடைசியில அம்மாவச் சாகடிச்சிருதாங்க? சாகக் கெடக்கா, மக கையப் பிடிக்கா, ரெண்டு பேரும் அழுதாங்க, முடிஞ்சிருது. உசுரோட இருக்கவள என்ன செய்யணும்னு ஒருத்தரும் எழுத மாட்டேங்காங்க. எங்கம்மா ஞாயித்துக்கிழம ஞாயித்துக்கிழம போன் போடுதா."

நூலை வாங்கி அதன் இடத்தில் செருகினேன். அலமாரியை மூடினேன்.

மறு ஆண்டு அவள் இசக்கிபாண்டியை மணந்துகொண்டாள். இருங்காட்டுக்கோட்டையில் கார் உதிரிப்பாகத் தொழிற்சாலையில் பணிபுரியும் ராதாபுரத்து இளைஞன், உரக்கச் சிரிப்பவன். எங்கள் வீட்டின் பின்பகுதிக்கே குடிவந்தனர். சுபஸ்ரீ பிறந்தாள். குழந்தையின் கிலுகிலுப்பையின் பிடியிலும் கறுப்பு நாடா ஏறியது. தழும்பைப் பற்றிக் கணவனிடம் எண்ணெய் தெறித்தது என்றே சொல்லியிருந்தாள். உண்மையை ஏன் மறைத்தாய் என்று கேட்டதற்கு, "சொன்னா, எங்கம்மையப் பத்தி அவரு கேக்குற மொதக் கதை அதுவாப் போயிரும் ஆச்சி" என்றாள்.

இவ்வாண்டு ஆனி மாதத்தில் அவளது மகப்பேறு விடுப்பு முடிந்தது. மாத இறுதிக்குள் வேலைக்குத் திரும்பாவிட்டால் அந்த இடத்துக்கு வேறொருத்தி வந்துவிடுவாள் என்று மேற்பார்வையாளர் தெரிவித்துவிட்டார். இப்பகுதித் தொழிலாளர் பலரும் செய்வதையே இசக்கிபாண்டியும் எண்ணினான். குழந்தையை ஊருக்கு அனுப்பிவிடுவது. அவனைப் பெற்றவர் உயிருடன் இல்லை. எஞ்சியவர் மீனம்மாள்தான். ஞாயிற்றுக்கிழமைத் தொலைபேசியில் அவர் குரல் முற்றம்வரை கேட்டது.

"பிள்ளைய எங்கிட்ட விடுட்டி. ஒன்னய வளத்தவதானே நானு?"

முத்துச்செல்வி கைப்பேசியைக் கணவனிடம் நீட்டினாள்.

"அவதான் பேச மாட்டேங்கா அத்த. நீங்க கெளம்பி வாங்க" என்று சிரித்தான் அவன். பிறகு மனைவியிடம், "என்னட்டி மூஞ்சி இப்படிப் போவுது? எல்லா அம்மையும் அடிச்சவதான். எங்கம்மை வெளக்குமாறு பிய்யப் பிய்ய அடிப்பா. நான் என்ன கெட்டா போயிட்டேன்?" என்றான்.

"அது வெளக்குமாறு" என்றாள் அவள். நாலைந்து பெண்களை ஒரு சொல்லால் கட்டிப்போடுகிறவள், தன் வீட்டில் ஒரே ஒரு கதையைச் சொல்ல இயலாமல் நின்றதை அன்று பார்த்தேன். குழந்தையை எங்கு வைத்தாலும் மீண்டும் எடுத்து இடுப்பில் வைத்துக்கொண்டாள்.

மீனம்மாள் வந்தார். ஒல்லியான உடல், மூக்குத்தி, மெத்தென்ற குரல். எனக்கொரு பனையோலைப் பெட்டியில் கருப்பட்டி கொண்டுவந்திருந்தார். குழந்தை அவர் தோளில் உடனே தூங்கிவிட்டது. எனக்கு அவரைப் பிடித்துப்போயிற்று. இதை எழுதாமல் விட்டால் இச்சித்திரம் பொய்யாகிவிடும்.

மறுநாள் ஞாயிறு. பிற்பகல் வெயில் மாடிப்படியில் மஞ்சள் துணிபோல் விரிந்துகிடந்தது. காற்றில் வேப்பம்பூ மணம் இல்லை. தொலைவில் எங்கோ சாயம் பூசும் ஆலையின் இனித்த வாடை. பெண்கள் வழக்கம்போல் படியில் கூடினர். மீனம்மாள் பேத்தியை மடியில் கிடத்திக் கீழ்ப்படியில் அமர்ந்திருந்தார். இசக்கிபாண்டி கதவில் சாய்ந்து நின்றான்.

"நாங்க பஸ்ல பாத்துட்டு வந்து சொன்னோம்லா, அந்தச் சித்தி படம் என்னாச்சுக்கா? கம்பெனி கேட்டு வந்ததும் எங்கள இறக்கி விட்டுட்டாங்கல்லா?" என்று தூண்டினாள் சுகப்பிரியா.

முத்துச்செல்வி துப்பட்டா நுனியை விரலில் சுற்றத் தொடங்கினாள். சித்தி அடுப்பில் கரண்டியைப் பழுக்க வைத்ததையும், குழந்தை கதவுக்குப் பின்னால் ஒளிந்ததையும், கொலுசுச் சத்தம் அதைக் காட்டிக்கொடுத்ததையும் தணிந்த குரலில் சொன்னாள். நாங்கள் எல்லோரும் அந்தச் சமையலறைக்குள் இருந்தோம். மீனம்மாளின் கண்களில் நீர் பெருகியது.

"பாவி! பச்ச மண்ணுக்குச் சூடு வைக்க எப்படி மனசு வந்துச்சு? அந்தக் கை வெளங்குமா?" என்று முந்தானையால் முகம் துடைத்தார். அது நடிப்பன்று. உண்மையான கண்ணீர், குழந்தையின் நெற்றியிலும் ஒரு துளி விழுந்தது.

விரலில் ஏறிக்கொண்டிருந்த துப்பட்டா நின்றது.

"பொறவு என்னாச்சுன்னா," என்றாள் முத்துச்செல்வி, "அது சித்தி இல்ல. பெத்தவதான்."

சுகப்பிரியா ஒரு படி மேலேறி உட்கார்ந்தாள்.

"மறுநாளு அந்தப் பிள்ளையப் பக்கத்து வீட்டுக்குப் படம் பாக்கக் கூட்டிட்டுப் போறா. அங்க படத்துல ஒரு பிள்ளைக்குச் சூடு வைக்காங்க. இவ அழுதா. பக்கத்துல இருந்த மக கையப் பிடிச்சுக்கிட்டே அழுதா. கட்டு போட்ட கை."

"இப்படியுமா படம் எடுப்பாவ?" என்றார் மீனம்மாள். மிக மெதுவாகக் கேட்டார். குழந்தையைத் தட்டிக்கொண்டிருந்த அவரது கை, தட்டுவதை மறந்து அந்தரத்தில் நின்றது. அவருக்கு நினைவு வந்ததா, அல்லது கதை பிடிக்கவில்லையா என்பதை அம்முகத்தில் என்னால் படிக்க இயலவில்லை.

"முடிவு என்னக்கா?" என்றாள் சுகப்பிரியா.

"முடிவு இன்னும் வரலட்டி. அந்த அம்மா உசுரோடதான் இருக்கா."

இசக்கிபாண்டி மனைவியின் முழுக்கைச் சட்டையைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவன் முகத்திலிருந்த சிரிப்பு எப்போது போயிற்றென்று நான் கவனிக்கவில்லை. படியிறங்கிவந்து, மாமியாரின் மடியிலிருந்து குழந்தையை இரு கைகளாலும் எடுத்தான்.

"பாப்பாவுக்கு வெயில் அடிக்கி அத்த" என்றான். குழந்தை கிடந்த இடத்தில் நிழல்தான் இருந்தது.

அடுத்த நாள் அவன் தன் மேற்பார்வையாளரிடம் சென்று, மனைவியின் பணிநேரத்துக்கு மாற்றான பணிநேரத்தைக் கேட்டு வாங்கிக்கொண்டான். இப்போது அவர்கள் இருவரும் வீட்டில் ஒன்றாக விழித்திருப்பது அரிது. பிற்பகலில் அவளது வண்டி வந்து நிற்கையில், அவனது வண்டி புறப்படக் காத்திருக்கும். தெருமுனையில் குழந்தை ஒரு தோளிலிருந்து மறுதோளுக்கு, பெரும்பாலும் உறக்கம் கலையாமலே, இடம் மாறும். "கியர் மாத்துற மாரி பாப்பாவ மாத்துறாங்கப்பா!" என்பார், இப்போது பிற்பகல் வண்டியை ஓட்டும் பாபு. அந்த ஒரு நிமிடத்துக்காக அவர் வண்டியைச் சற்றே தாமதிப்பதை நான் பார்த்திருக்கிறேன்.

மீனம்மாளிடம் காரணம் எதுவும் சொல்லப்படவில்லை. குழந்தை தங்களோடே இருக்கட்டும் என்று இசக்கிபாண்டி சொன்னான். அவரும் ஏனென்று கேட்கவில்லை. ஊருக்குப் புறப்படும் நாளில், ஆட்டோ வாசலில் வந்து நின்ற பிறகு, பேத்தியோடு ஒரு படம் எடுத்துத் தர வேண்டும் என்று மட்டும் கேட்டார்.

"வெறுங்கையா போறேன். ஊருல நாலு பேரு கேப்பாவல்லா. இதையாச்சும் காட்டுதேன்."

கைப்பேசியை என்னிடம் கொடுத்தனர். மீனம்மாள் நாற்காலியில் அமர்ந்து, குழந்தையை மடியில் வைத்து, முந்தானையை ஒழுங்குபடுத்திக்கொண்டு புன்னகைத்தார். அழகான புன்னகை. அப்போது முத்துச்செல்வி வந்து, நாற்காலியின் அருகே முழந்தாளிட்டாள். தன் வலக்கைச் சட்டையை, நாடா சுற்றும் அதே பொறுமையோடு, மடிப்பு மடிப்பாக முழங்கைக்குமேல் ஏற்றினாள். அந்தக் கையைக் குழந்தையின் வயிற்றுக்குக் குறுக்கே, தாயின் மடிமீது, தழும்பு என் பக்கம் திரும்பியிருக்கும்படி வைத்தாள்.

மீனம்மாளின் பார்வை ஒருமுறை தாழ்ந்தது. முந்தானையின் ஓரத்தை எடுத்து, குளிருக்குப் போர்த்துவதுபோல் அந்தக் கைமேல் இட்டார். முத்துச்செல்வி கோபமின்றி அதை விலக்கி, தாயின் மடியிலேயே திரும்ப வைத்தாள். பிறகு நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். அப்போது அவள் கேட்டது ஒன்றுதான்; அதன்பின் இன்றுவரை என்னிடம் வேறெதுவும் கேட்டதில்லை.

"ஆச்சி, கை தெரியுதா? கை தெரியுற மாதிரி எடுங்க."