மாலை போட்ட படம்

கரையான்சாவடி பஸ் நிறுத்தத்தில் தினமும் அந்தப் பெரியவரைப் பார்ப்பேன். சாயமேற்றிய மீசை, மடிப்புக் கலையாத வெள்ளைச் சட்டை. உட்கார்ந்த மறுநிமிடமே எழுந்து, தலையை வாரிக்கொண்டு, பஸ் வருகிறதா என்று எட்டிப் பார்ப்பார். கறுப்பு வெள்ளைக் காலத்திலிருந்து நீதிபதியாகவும் டாக்டராகவும் நடித்தவர். இப்போது என் மனைவி பார்க்கும் சீரியலில் கதாநாயகியின் இறந்துபோன அப்பா. சுவரில் மாலை போட்ட படமாக மட்டுமே வருகிறார்.

“படம்தானே சார் மாட்டியிருக்காங்க? நீங்க எதுக்கு தினமும் ஷூட்டிங்குக்குப் போறீங்க?” என்று ஒருநாள் கேட்டுவிட்டேன்.

“இன்னா நைனா, இப்டி கேட்டுட்ட? திடீர்னு ஃபிளாஷ்பேக் வெச்சாங்கன்னா, நான் அங்க இருக்க வாணாமா?” என்று மறுபடி சீப்பை எடுத்தார்.

அன்றிலிருந்து நானும் சீரியல் பார்க்கிறேன். கதாநாயகி அந்தப் படத்தின் முன்னால் நின்று அழும்போதெல்லாம் எனக்கு இருப்புக்கொள்வதில்லை. “அழுதது போதும், கொஞ்சம் பழசை நினைச்சுப் பாரும்மா” என்று டிவியைப் பார்த்துக் கத்துகிறேன்.