கயிறு பிடித்த அக்கா

முப்பத்தைந்து வயதில் கோயமுத்தூர் நூல் மில் வேலையை விட்டுவிட்டு, ஊருக்கு வெளியே இருந்த காலப்பயண டெப்போவில் சேர்ந்தேன். கழிந்துபோன வருஷங்களுக்கு ஆள் அனுப்பி, அன்றைக்குக் கிணறுகளில் தண்ணீர் எவ்வளவு ஆழத்தில் கிடந்தது என்று அளந்துவரச் செய்யும் இடம் அது. புதுக் கிணறு எங்கே வெட்டலாம் என்பதை அந்த அளவை வைத்துத்தான் முடிவு செய்வார்கள். ஆறு வாரம் பாதுகாப்புப் பயிற்சி. தேறி சர்டிபிகேட் வாங்காதவர்களை வேலைக்கு எடுக்கமாட்டார்கள்.

இரண்டிரண்டு பேராகத்தான் பழக்குவார்கள். ஒருவர் இடுப்பில் கயிறு கட்டிக்கொண்டு பழைய வருஷத்துக்குள் போகவேண்டும். மற்றவர் வாசலில் நின்று கயிற்றைப் பிடித்திருக்கவேண்டும். தேறினாலும் தவறினாலும் இருவரும் சேர்ந்தே. எனக்கு ஜோடியாக வந்தவர், உடுமலைப்பேட்டைக் களத்தில் தேங்காய் உரித்துக்கொண்டிருந்தவர். என்னைவிட நாலு வயது மூத்தவர். கணவர் இல்லை, இரண்டு குழந்தைகள். அக்கா என்றே கூப்பிட்டேன். அவருக்குப் படிக்கத் தெரியாது. மத்தியானச் சோற்றுக்கு உட்காரும்போதெல்லாம் விதிகளை என்னைப் படிக்கச் சொல்லிக் கேட்பார். மூன்றாம் வாரத்தில், நான் ஒரு வரியைத் தாண்டிப் போனால் நிறுத்தித் திருத்துவார்.

அங்கே யாரிடமும் பேசக்கூடாது. எதையும் எடுக்கக்கூடாது. முதல் மணி அடித்ததுமே திரும்பிவிடவேண்டும். மூன்றாம் மணிக்கு வாசல் அடைபடும். அதற்குமேல் உள்ளே நிற்பவரை மீட்க வழியில்லை.

பரீட்சை அன்று எனக்குத் திறந்த வாசல், எட்டு வருஷம் முந்தைய மேட்டுப்பாளையம் பாக்கு மண்டி. ஓரத்துக் கிணற்றில் நூல் விட்டு அளந்தேன். திரும்பினால், மூட்டைகளுக்கு நடுவில் என் அண்ணன் நின்றிருந்தான். அடுத்த வருஷமே காய்ச்சலில் போனவன். ஒரு பாக்கைக் கடித்துப் பார்த்து, பிடிக்காமல் துப்பினான். முதல் மணி கேட்டது. கால் நகரவில்லை. இரண்டாவதும் கேட்டது. அவன் அடுத்த மூட்டைக்குள் கைவிட்டான்.

இடுப்பில் வெடுக்கென்று ஓர் இழுப்பு. மல்லாந்து விழுந்து, தரையோடு தரையாக வாசலுக்கு இந்தப்பக்கம் வந்து கிடந்தேன். அப்போதுதான் மூன்றாம் மணி அடித்தது. அக்காவின் இரண்டு உள்ளங்கைகளிலும் தோல் உரிந்து ரத்தம் வந்திருந்தது.

பரீட்சை நடத்திய இன்ஸ்பெக்டர், பயிற்சிக் கொட்டகையின் அந்தக் கோடியில் மணியருகே இருந்தார். உள்ளே நடப்பது அவருக்குத் தெரியாது. "கயிறு எங்கியாச்சும் மாட்டிக்கிச்சுங்களா?" என்று கேட்டார்.

நான் ஆமாம் என்று சொல்ல வாயெடுப்பதற்குள், "மாட்டுலீங்க," என்றார் அக்கா. "மணி கேட்டும் இவிங்க வரலீங்க. நாந்தான் இழுத்துப்போட்டேன்."

இன்ஸ்பெக்டர் இருவர் பெயரையும் பட்டியலிலிருந்து அடித்துவிட்டார்.

பஸ்ஸுக்கு நடக்கும்போது எனக்கு ஆத்திரம் அடங்கவில்லை. "ஆமான்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா ரெண்டு பேரும் பாஸாயிருப்பமே அக்கா. உங்க கொழந்தைகள நெனச்சீங்களா?"

கையில் துணியைச் சுற்றிக்கொண்டே சொன்னார்: "நெனச்சுத்தான் சொன்னனுங்க அம்மணி. கயிறு மாட்டுச்சுன்னு சொன்னா அவரு கயித்தத்தான் மாத்துவாரு. நீங்க அப்படியேதான இருப்பீங்க? நாளைக்கு என் கயிறு உங்க கையிலதானுங்களே."

கொஞ்ச தூரம் போனபின், "அங்க ஆரப் பாத்தீங்க?" என்று கேட்டார். சொன்னேன். அண்ணன் எப்படி இருப்பான், எப்படிச் சிரிப்பான் என்று பஸ் வரும்வரை கேட்டுக்கொண்டே வந்தார். ஆறுதலாக ஒரு வார்த்தையும் சொல்லவில்லை. அன்றைக்கு அதைவிடப் பெரிய ஆறுதல் எனக்குக் கிடைத்திருக்காது.

மறுபடி சேர்ந்து ஆறு வாரம் பயிற்சி எடுத்தோம். கை ஆறும்வரை அவர் கயிற்றைத் துணி சுற்றித்தான் பிடித்தார். ஒரு நாளும் வராமல் இருக்கவில்லை. இந்தத் தடவை தேறினோம். ஜோடி மாற்றிக்கொள்ளலாம் என்று டெப்போவில் சொன்னபோது, அவர் என்னையே கேட்டு வாங்கினார்.

முதல் வேலை பெருந்துறைப் பக்கம், ஒரு பஞ்ச வருஷத்துக் கிணறு. உள்ளே போகிறவர் அவர். இடுப்பில் முடிச்சை நான்தான் போட்டேன். அவர் அதை இழுத்துப் பார்க்கவில்லை. "வாரனுங்க," என்று சொல்லிவிட்டு வாசலைத் தாண்டினார்.