நர்ஸ் சாய்த்த ராஜா

நாமக்கல்லில் ஒரு கல்யாண மண்டபத்தில் செஸ் பாக்ஸிங் போட்டி. ஒரு சுற்று சதுரங்கம், ஒரு சுற்று குத்துச்சண்டை என்று மாறிமாறி நடக்கும். எதில் வென்றாலும் வெற்றிதான். சதுரங்கப் பலகைக்கு நான் நடுவர்.

போட்டிக்கு வந்த பெண்களில் ஒருவர் ஆஸ்பத்திரி நர்ஸ். கண்ணுக்குக் கீழே கருவளையம். கையுறையைக் கழற்றிவிட்டு உட்கார்ந்ததும், என்னிடம் சொல்லிவிட்டு, எதிராளியின் காய்களையும் சேர்த்துக் கட்டத்தின் நடுவில் நேராக வைப்பார்.

இறுதி ஆட்டத்தில் அவர் கை ஓங்கியிருந்தது. இன்னும் இரண்டு நகர்த்தலில் எதிராளிக்கு செக்மேட். ஆனால் மணி அடிக்கப்போகிறது. அடித்தால் மறுபடி குத்துச்சண்டைக்கு எழுந்தாக வேண்டும். எதிரே இருந்த கல்லூரிப் பெண்ணின் புருவம் கிழிந்து, பிளாஸ்திரியை மீறி ரத்தம் கசிந்தது. நர்ஸ் அதையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, தோற்றதாக ஒப்புக்கொண்டு, தன் ராஜாவைச் சாய்த்துவிட்டார்.

"ஏனுங்க, ஜெயிக்கிற ஆட்டமாச்சே?" என்றேன்.

"இன்னொரு ரவுண்டு போனா அந்தப் புருவத்துலதாங்க அடிப்பேன். தெனமும் தையல் போடற எடத்துலயே நிக்கறேன். இன்னைக்கு எனக்கு லீவுங்க."

அது இரக்கமா, அலுப்பா என்று எனக்கு இன்றும் விளங்கவில்லை. பரிசளிப்பின்போது அவரைத் தேடினேன். சுவரோர நாற்காலியில் வாய் லேசாகத் திறந்திருக்க, அயர்ந்து தூங்கிக்கொண்டிருந்தார். கைதட்டல் கேட்டும் அவர் விழிக்கவில்லை.