கத்தினால் கேட்காத டெலிபோன்

1. இட்லிச் சட்டி

இரண்டாவது டிரையலும் கையைவிட்டுப் போய்க்கொண்டிருந்தபோதுதான் எங்கள் டெலிபோன் முதல்முறையாக ஒரு முழு வாக்கியத்தைத் தெளிவாகப் பேசியது. அது எங்களைத் திட்டிய வாக்கியம்.

அம்பத்தூர் தொழிற்பேட்டையில், ரகசியமாகப் பேசுவதற்கான டெலிபோன் செய்யும் தொழிற்சாலை எங்களுடையது. நான் அங்கே தர ஆய்வுப் பிரிவின் பொறுப்பாளர். சட்டையில் பேனா மை கசிந்தால்கூட எந்தப் படிவத்தில் எழுத வேண்டும் என்று என்னைத்தான் கேட்பார்கள். அன்று எங்கள் கான்ஃபரன்ஸ் அறையில் ஒரு செட், ஆவடியில் வாடிக்கையாளரின் அலுவலகத்தில் இன்னொரு செட். அந்த முனையில் உட்கார்ந்து வாக்கியங்களைப் படித்தவர் ஒரு கர்னல். வேலூர்க்காரர். பீரங்கிப் படையில் இருந்தவர். பீரங்கிக்குப் பக்கத்தில் நின்று ஆணையிட்டுப் பழகிய குரல். மேசைக்கு வந்த பிறகும் அதைக் குறைத்துக்கொள்ளச் சொல்லி யாரும் ஆணையிடவில்லை.

முறை எளிதானது. முதலில் சாதாரணமாகப் பேசி ஒரு பட்டனை அழுத்த வேண்டும். இரண்டு செட்டும் ஒன்றையொன்று அடையாளம் கண்டு பச்சை விளக்கு எரிந்ததும் ரகசியப் பேச்சு தொடங்கும். அவர் அங்கே படிப்பார், என் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் வாடிக்கையாளரின் ஆய்வாளர் ஒலிபெருக்கியில் கேட்பதை எழுதுவார், பிறகு ஒப்பிடுவார்கள்.

பச்சை விளக்கு எரிந்தது. கர்னல் படித்தார். எங்கள் பக்கம் வந்தது வாத்து. குளத்தில் காலை உணவுக்குச் சண்டை போடும் வாத்து. ஆய்வாளர் கோடு கோடாகப் போட்டுக்கொண்டே போனார்.

அப்போதுதான், படிப்பதை நிறுத்திய கர்னல், ரிசீவரைக் கீழே வைக்காமலேயே, தன் உதவியாளரிடம் தாழ்ந்த குரலில் சொன்னார்:

"டேய் முருகா, இதவிட நம்ம மெஸ்ல இருக்கிற இட்லிச் சட்டி நல்லா பேசும்டா. இன்னும் ஒரு தடவ பாத்துட்டு இவங்கள மூட்டை கட்டிடலாம்."

ஒவ்வொரு எழுத்தும் வந்து விழுந்தது. இட்லிச் சட்டியின் மூடி திறந்தால் வரும் ஆவிகூட வந்திருக்கும் போலிருந்தது.

ஆய்வாளர் பேனாவைத் தூக்கிக்கொண்டு என்னைப் பார்த்தார். "இத எழுதணுமா மேடம்?"

"கேக்கிறத எல்லாம் எழுதணும்னுதான் சார் புரொசீஜர்."

அவர் எழுதவில்லை. ஓய்வு பெறும்வரை பிழைக்கத் தெரிந்தவர்.

2. சாம்பாரும் செய்முறையும்

இளையவர்களுக்காகக் கொஞ்சம் பின்கதை. இன்று உங்கள் கைபேசிச் செயலியில் ஒரு சின்னப் பூட்டுப் படம் வருகிறது, நீங்களும் நம்பிப் பேசுகிறீர்கள். அந்தப் பூட்டு சும்மா வந்ததல்ல.

எழுத்தை மறைப்பதுதான் முதலில் கைவந்தது. டைப்ரைட்டர் போன்ற இயந்திரம். ஒரு விசையைத் தட்டினால் உள்ளே பல்சக்கரங்கள் நகர்ந்து வேறோர் எழுத்தைத் தரும். அடுத்த தட்டலுக்குச் சக்கரம் இடம் மாறியிருக்கும் என்பதால் அதே விசைக்கு இன்னோர் எழுத்து வரும். எழுத்து ஒத்துழைக்கும் பண்டம். குரல் அப்படியல்ல. குரலை மறைக்க வந்த முதல் கருவிகள் உயர்ந்த சுருதியைத் தாழ்ந்ததாகவும் தாழ்ந்ததை உயர்ந்ததாகவும் தலைகீழாக்கின. சில நாள் பழகிய ஒட்டுக்கேட்பவன் அதையும் புரிந்துகொண்டான். பிறகு உலகப்போர்க் காலத்தில் ஒரு பெரிய அறை நிறைய அலமாரிகள் வைத்து ஒரு முறையைக் கண்டுபிடித்தார்கள். இங்கேயும் அங்கேயும் ஒரே இரைச்சல் பதிந்த இரண்டு கிராமபோன் தட்டுகள், ஒரே கணத்தில் சுழலும். இங்கே குரலோடு இரைச்சலைக் கலப்பார்கள், அங்கே அதே இரைச்சலைக் கழிப்பார்கள். வேலை முடிந்ததும் தட்டு அழிக்கப்படும். ஒரு டெலிபோன் பேச்சுக்கு அத்தனை ஏற்பாடு.

எங்கள் காலத்தில் அந்த அறை சுருங்கி மேசைமேல் ஒரு பெட்டியானது. பெட்டியின் உயிர் வோகோடர் என்ற பகுதி. அது உங்கள் குரலை அனுப்பாது. உங்கள் குரல் எப்படி உண்டானது என்ற குறிப்பை மட்டும் அனுப்பும். அடுத்த முனை அந்தக் குறிப்பை வைத்து ஒரு குரலைச் சமைக்கும். சாம்பாரை அனுப்பாமல் செய்முறையை எழுதி அனுப்புவது போல. குறிப்பு சின்னது என்பதால் அதைப் பூட்டி அனுப்புவது எளிது. ஆனால் எழுதும்போதே குறிப்பு தப்பாகிவிட்டால் அங்கே சமைவது சாம்பார் அல்ல, வாத்து.

3. செயற்கை வாய்

டிரையல் முடிந்த மறுநாள் ஜி.எம். எங்களைக் கூப்பிட்டார். அவர் முகம் பச்சை விளக்கு எரியாத செட் போல இருந்தது.

"மூணாவதுதான் கடைசி. அதுலயும் போச்சுன்னா வெளிநாட்டு செட்டுக்குப் போயிடுவாங்க. நம்ம லைன இழுத்து மூடச் சொல்லி மேலேருந்து சொல்லிட்டாங்க. அசெம்பிளி லேடீஸ் எல்லாரையும் அனுப்பணும்."

வடிவமைப்புப் பிரிவுத் தலைவர் சபேசன் கணக்கு முறையையே மாற்றி எழுத வேண்டும் என்றார். "ஆறு மாசம் குடுங்க சார்."

"டிரையல் அடுத்த மாசம்" என்றார் ஜி.எம்.

"அப்போ அஞ்சு மாசம் லேட்டா நல்லா வரும்" என்றேன். சபேசன் இதை ரசிக்கவில்லை.

நான் இட்லிச் சட்டியைப் பற்றிச் சொன்னேன். சத்தமாகப் படித்ததெல்லாம் வாத்து. முணுமுணுத்தது மட்டும் மனிதக் குரல். அப்படியென்றால் பெட்டியில் கோளாறு இல்லை. கர்னல் கத்துகிறார், மைக் திணறுகிறது, குறிப்பு கெடுகிறது. எங்கள் சோதனையில் இது ஏன் தெரியவில்லை என்றால், நாங்கள் பயன்படுத்தியது செயற்கை வாய். அப்படியொரு கருவி உண்டு. அளந்த ஒலியில் பேசும். கோபப்படாது, டீ கேட்காது, வெளியூருக்குப் பேசுகிறோம் என்பதற்காகக் குரலை உயர்த்தாது. கர்னலுக்கு இருந்தது இயற்கை வாய். டிரங்க் கால் காலத்தில் வளர்ந்த இந்தியர் எல்லாருக்கும் இருக்கும் வாய்: ஊர் எவ்வளவு தூரமோ அவ்வளவு சத்தம்.

"மைக் சத்தத்தப் பெருக்குற கெயினக் குறைச்சிடலாமே?" என்றார் ஜி.எம்.

"மெதுவா பேசுறவங்க காணாமப் போயிடுவாங்க சார். அதோட மைக் அளவ மாத்தினா எல்லா டெஸ்ட்டையும் மொதல்லேருந்து பண்ணணும்."

"அப்போ அவர்கிட்டயே சொல்லிடலாம், மெதுவா பேசுங்கன்னு."

யார் சொல்வது என்று மூவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். அதோடு, டிரையலின்போது பயனருக்கு யோசனை சொல்லக் கூடாது என்பது விதி. அந்த விதியைப் படித்தவள் நான் ஒருத்திதான் என்பதால் அதைச் சொல்லும் பாவமும் என்னுடையதானது.

4. சுவர் வழியாக வராத மெகருன்னிசா

முதலில் கோளாறை வரவழைத்துப் பார்க்க வேண்டும். அதற்குக் கர்னலுக்கு நிகரான குரல் வேண்டும். அதற்காக வெளியே தேட வேண்டியிருக்கவில்லை. அசெம்பிளி லைனில் மெகருன்னிசா இருந்தாள். பூந்தமல்லிக்காரி. சால்டரிங்கில் அவள் கைக்கு நிகர் கிடையாது, வாய்க்கும் கிடையாது. லைனின் அந்தக் கோடியில் அவள் காலைவணக்கம் சொன்னால் வாசலில் செக்யூரிட்டி பதில் சொல்வார்.

"வெளியூர்ல இருக்கிற ஆள்கிட்ட பேசுற மாதிரி பேசு" என்று ஒரு செட்டைக் கொடுத்து அடுத்த அறையில் உட்கார வைத்தேன்.

"இன்னா பேசறது மேடம்?"

"உனக்குத் தோணினத."

"லைன மூடப் போறாங்கன்னு சொல்லிகினு கீறாங்களே, நெஜமா?"

"அதத்தான் மூடாம இருக்கப் பாக்கிறோம்."

"எனக்கு வேற எடத்துல வேலை கெடைக்கும் மேடம், கை கீது. ஆனா இந்த வாய யாரு மேடம் வெச்சிகினு இருப்பாங்க?"

அவள் பேசினாள். பெட்டியில் வாத்து வந்தது. சுவர் வழியாக மெகருன்னிசா வந்தாள். செட்டை மாற்றினோம். வாத்தும் மெகருன்னிசாவும். இன்னொன்று. அதே ஜோடி. கையிலிருந்த செட்டுகள் தீர்ந்தன. மிச்சம் டிரையலுக்காகப் பெட்டியில் அடைத்து முத்திரையிட்டவை. காரணம் தெரியாமல் அவற்றைப் பிரிக்க நானே அனுமதிக்க மாட்டேன். அதனால் ரிஜெக்ட் ரேக்கிலிருந்து சிவப்புச் சீட்டு ஒட்டிய ஒரு செட்டை எடுத்துக்கொடுத்தேன்.

என் அறைக்குத் திரும்பிக் காத்திருந்தேன். சுவர் அமைதியாக இருந்தது. தொடங்கவில்லை போலிருக்கிறது என்று எழுந்தேன். அப்போதுதான் பெட்டியிலிருந்து ஒரு பெண், மிக நிதானமாக, செம்பரம்பாக்கம் ஏரி நிரம்பியதைப் பற்றியும் அதைப் பார்க்கப் போன இடத்தில் தன் நாத்தனார் செருப்பைத் தொலைத்ததைப் பற்றியும் பேசிக்கொண்டிருப்பது காதில் விழுந்தது. அது மெகருன்னிசா என்று நம்பவே எனக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது.

ஓடிப்போய்க் கேட்டேன்: "ஏன் இப்படி மெதுவா பேசுற?"

"நான் எங்க மேடம் மெதுவா பேசறேன்? இந்த டப்பாவுல வாயத் தொறந்தா என் கொரலே என் காதுல வந்து அறையுது. அதுக்கு மேல கத்த வாயே வரல."

சீட்டைப் பார்த்தேன். கையெழுத்து என்னுடையது. காரணம்: சைட்டோன் அளவு மீறியது.

சைட்டோன் என்பது இதுதான். ரிசீவரில் பேசும்போது உங்கள் குரலில் ஒரு துளி உங்கள் காதுக்கே திரும்பி வரும். அது இல்லாவிட்டால் போன் செத்துவிட்டது என்று நினைப்பீர்கள். குறைவாக இருந்தால் எதிராளிக்குக் கேட்கவில்லை என்று நினைத்துக் கத்துவீர்கள். அதிகமாக இருந்தால் நீங்கள் கத்துவது உங்களுக்கே கேட்டு, யாரும் சொல்லாமலே அடங்குவீர்கள். ஸ்பெக்கில், அதாவது வாடிக்கையாளர் தந்த அளவு விதிகளில், அதற்குக் கீழ் எல்லையும் மேல் எல்லையும் உண்டு. பேசுபவருக்குத் தன் குரல் தொந்தரவாக இருக்குமே என்ற மரியாதையில் சபேசன் அதைக் கீழ் எல்லையில் வைத்திருந்தார். சிவப்புச் சீட்டு செட்டில் ஒரு ரெசிஸ்டர் மாறி, மேல் எல்லையையும் தாண்டியிருந்தது. மேல் எல்லைக்கு உள்ளேயே, ஓரத்தில் நிறுத்தினால் எந்த விதியும் மீறப்படாது. எதையும் மறுபடி சோதிக்க வேண்டாம்.

சபேசனுக்கு மனசு ஆறவில்லை. "ஒரு ரெசிஸ்டர மாத்துறதெல்லாம் ஒரு தீர்வா மேடம்?"

"ஸ்பெக்குக்குள்ள இருக்கு சார். உங்க ஆறு மாசம்தான் ஸ்பெக்குக்கு வெளிய இருக்கு."

உரிய படிவம் எழுதி டிரையல் செட்டுகளின் முத்திரையை நானே பிரித்துக்கொடுத்தேன், ரெசிஸ்டரை மெகருன்னிசாவே மாற்றினாள். சோதித்ததும் அவளை வைத்தே. அவள் வீட்டுச் சண்டை, பஸ் சண்டை எல்லாவற்றையும் கோபம் குறையாமல், குரல் மட்டும் குறைந்து சொல்லி முடித்தாள். எல்லாம் தெளிவாக வந்தது. நாத்தனார்மேல் எனக்கே கோபம் வந்துவிட்டது.

5. மூன்றாவது டிரையல்

கான்ஃபரன்ஸ் அறைக்கு வெளியே அசெம்பிளி லைன் மொத்தமும் தேநீர் இடைவேளை என்ற பெயரில் நின்றிருந்தது. உள்ளே ஜி.எம்., சபேசன், ஆய்வாளர், நான். பச்சை விளக்கு எரிந்தது.

கர்னல் மூச்சை இழுப்பது கேட்டது. அடுத்து முதல் சொல்லின் பாதி, வாத்தாக. ஜி.எம். கண்ணை மூடிக்கொண்டார்.

பிறகு ஒரு நிறுத்தம். அந்த நிறுத்தத்தில் ஆவடியில் என்ன நடந்தது என்று எனக்குத் தெரியும். கர்னலின் குரல் வாழ்க்கையில் முதல்முறையாகக் கர்னலின் காதில் விழுந்தது.

மறுபடி தொடங்கினார். அந்தக் குரலில் அவர் படித்து அதுவரை நாங்கள் கேட்டதில்லை. கதவைச் சாத்திவிட்டுப் பேசும் மனிதரின் குரல். முதல் வாக்கியம் தெளிவு. இரண்டாவது தெளிவு. ஆய்வாளரின் பேனா கோடு போடுவதை நிறுத்தி எழுத ஆரம்பித்தது. பட்டியல் முழுவதும் அப்படியே வந்தது. கதவுக்கு வெளியே யாரோ "ஷ்ஷ்" என்றார்கள். மெகருன்னிசாவைத்தான் என்று நினைக்கிறேன்.

படித்து முடித்தவர் ரிசீவரைக் கீழே வைக்கவில்லை. பழக்கப்படி உதவியாளர் பக்கம் திரும்பிச் சொன்னார்:

"டேய் முருகா, இட்லிச் சட்டி தோத்துப்போச்சுடா."

டிரையல் முடிந்துவிட்டது, இனிப் பேசலாம், விதி தடுக்காது. ரிசீவரை எடுத்தேன்.

"இட்லிச் சட்டிக்கு எங்க ஆறுதலச் சொல்லிடுங்க சார். போன தடவ நீங்க அதப் பாராட்டினதும் இங்க தெளிவாத்தான் கேட்டுச்சு."

ஜி.எம். நாற்காலியின் கையைப் பிடித்துக்கொண்டார். பச்சை விளக்கு மட்டும் எரிந்துகொண்டிருந்தது.

பிறகு ஒலிபெருக்கியிலிருந்து வாத்து வந்தது. ஒன்றல்ல, ஒரு கூட்டம். அறையே அதிர்ந்தது. ஆய்வாளர் பதறிப்போய் மறுபடி கோடு போடப் பேனாவை எடுத்தார்.

"அது பேச்சு இல்ல சார்" என்றேன். "சிரிக்கிறார்."

கர்னல் சிரித்து ஓய்ந்ததும், அந்தப் புதிய தாழ்ந்த குரலில், "பாஸ் பண்ணிட்டேன்மா. பேப்பர் இன்னிக்கே வரும்" என்றார். அது கதவுக்கு வெளியே எப்படிக் கேட்டதோ, லைன் கத்திய கத்தலை உலகத்தில் எந்த வோகோடரும் தாங்கியிருக்காது.

6. எஞ்சியது

எங்கள் லைன் மூடப்படவில்லை. நான் ஓய்வு பெற்ற அன்றும் அது ஓடிக்கொண்டிருந்தது. லைன் சூப்பர்வைசர் மெகருன்னிசா.

இந்தத் துறைக்கு வரும் இளையவர்களுக்கு நான் சொல்வது இவ்வளவுதான். சாவியை நீளமாக்குங்கள், கணக்கைக் கடினமாக்குங்கள், நல்லது. ஆனால் பேசப்போவது செயற்கை வாய் அல்ல. மனிதரைத் திருத்த அறிவிப்புப் பலகையும் சுற்றறிக்கையும் போடாதீர்கள். நான் முப்பது வருடம் சுற்றறிக்கை போட்டவள், அதன் பலன் எனக்குத் தெரியும். அவர் செய்வதை அவர் காதுக்கே கொஞ்சம் திருப்பிக் கொடுங்கள். மிச்சத்தை அவரே பார்த்துக்கொள்வார், திருத்தப்பட்டது தெரியாமலே.

இப்போது சென்னீர்குப்பத்தில் இருக்கிறேன். எதிர்வீட்டுக்காரர் பால்கனியில் நின்று வங்கிக்காரரிடம் தன் கடவு எண்ணை நெடுஞ்சாலைவரை கேட்கும்படி சொல்கிறார். கைபேசியில் பூட்டுப் படம் பத்திரமாக இருக்கிறது. மெகருன்னிசாவும் அவ்வப்போது கூப்பிடுவாள். கைபேசியை ஒரு முழம் தள்ளிப் பிடித்துக்கொண்டு கேட்கிறேன். இந்தக் காலத்துக் கைபேசியில் அவளுக்கேற்ற ரெசிஸ்டரை எங்கே வைப்பது என்றுதான் தெரியவில்லை.