மிக்சிக்கு அழுத அத்தை

புகை கக்கிச் செத்துப்போன மிக்சியை மடியில் கிடத்திக்கொண்டு, சமையற்கட்டில் கால் நீட்டி உட்கார்ந்து, மாரில் அடித்து அழுவார் என் அத்தை. "எனக்கு வாச்ச ராசாவே, என்னைய விட்டுட்டுப் போயிட்டியே!" ஞாயிறுதோறும் தொலைக்காட்சியில் வந்த குடும்பத் தொடரில் என் அப்பாவின் அக்காவான அவருக்குத்தான் அம்மா வேடம். வாராவாரம் எதற்காவது அழவேண்டும். காஸ் தீர்ந்தால், சாம்பார் தீய்ந்தால், மகன் பரீட்சையில் கோட்டைவிட்டால், எல்லாவற்றுக்கும் எங்கள் கடற்கரைச் சாவு வீடுகளின் ஒப்பாரிதான். எங்கள் ஊர் தருவைகுளத்தில் பூசை முடிந்த கையோடு சனம் எங்கள் வீட்டுக்கு ஓடி வரும். சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு போகும்.

ஆறு வருடம் ஓடிய தொடர் அது. வேறு மாதிரி அழுது பாருங்கள் என்று ஒருமுறை இயக்குநர் கேட்டாராம். "எனக்குத் தெரிஞ்ச அழுக இது ஒண்ணுதான் தம்பி" என்று சொல்லிவிட்டார். தன் அம்மை செத்தபோது அழுத அழுகை, வேறு எங்கே போய்க் கற்றுக்கொள்வது? ஊருக்கு வந்தாலும் விடமாட்டார்கள். பஸ் நிலையத்தில் பெண்கள் சூழ்ந்துகொண்டு, "ஒரே ஒரு தடவ அழுதுட்டுப் போங்கக்கா" என்பார்கள். கையில் பையோடு நின்றபடியே அழுது காட்டுவார். பஸ்ஸில் ஏறி உட்கார்ந்ததும் கண்ணை மூடிக்கொள்வார். அத்தனை அலுப்பு.

தொடர் நின்ற மறுவருடம் மாமா இறந்தார். துறைமுகத்தில் கிரேன் ஓட்டிய மனிதர். அத்தையை நடிக்கச் சென்னைக்கு அனுப்பிவிட்டுத் தானே பொங்கித் தின்றவர். சவப்பெட்டியின் தலைமாட்டில் உட்கார்ந்து அத்தை மாரில் கைவைத்தார். "எனக்கு வாச்ச ராசாவே..."

நான் சிரித்துவிட்டேன்.

இருபத்திரண்டு வயதுக் கழுதை நான். முந்தானையால் வாயைப் பொத்தினேன், நிற்கவில்லை. பக்கத்தில் இருந்தவளுக்குத் தொற்றியது, அவளிடமிருந்து அடுத்தவளுக்கு. அத்தை நிமிர்ந்து என்னைத்தான் பார்த்தார். பிறகு வாயை மூடிக்கொண்டார். கல்லறைத் தோட்டம் வரைக்கும் ஒரு சொட்டுக் கண்ணீர் இல்லை. "துட்டு குடுத்தாத்தான் அழுவா போல" என்று ஊர் பேசியது. அதற்குப் பிறகு எந்தச் சாவு வீட்டிலும் அத்தை அழுததில்லை. ஓரமாக உட்கார்ந்துவிட்டு எழுந்து வருவார். மன்னிப்புக் கேட்க எனக்கு முப்பது வருடம் இருந்தது. நாளைக்கு, நாளைக்கு என்றே தள்ளிவிட்டேன். வெட்கங்கெட்டவள்.

போன மாதம் அப்பா போய்விட்டார். பத்து நாள் ஆஸ்பத்திரியில் அலைந்ததில் எனக்கு நிற்கக்கூடத் தெம்பில்லை. பெட்டியைக் கோயிலுக்கு எடுக்கும் நேரம், எண்பதைத் தாண்டிய அத்தை என் தோளைப் பிடித்துக்கொண்டு வந்து தம்பியின் தலைமாட்டில் உட்கார்ந்தார். முதுகுக்குப் பின்னால் ஒருத்தி கிசுகிசுத்தாள்: "ஏளா, மிக்சிக்கு அழுவாங்கல்லா, அவங்கதான்." இரண்டு பேர் செல்போனைத் தூக்கிப் பிடித்தார்கள். அத்தையின் கை மார்வரை போய் மடியில் இறங்கிவிட்டது. எனக்கு எங்கிருந்துதான் அத்தனை ஆத்திரம் வந்ததோ!

"எல்லாரும் வெளிய போங்க! போங்கன்னா போங்க!"

நான் பெற்ற பிள்ளைகளைக்கூட விடவில்லை. கதவைத் தாழிட்டு முதுகைக் கொடுத்து நின்றேன். "அழுங்க அத்தை" என்றேன். "அன்னைக்கு நான்தான் சிரிச்சேன்."

"தெரியும்ளா" என்றார்.

பிறகு அழுதார். அதே அடி, அதே இழுப்பு, அதே விக்கல். தொலைக்காட்சியில் பார்த்ததற்கும் இதற்கும் ஒரு நூல் வித்தியாசம் இல்லை. கூடப் பிறந்தவன் முதன்முதல் மீன் பிடித்து வந்ததைச் சொல்லி அழுதார், காய்ச்சலில் கிடந்ததைச் சொல்லி அழுதார். கோயில் மணி அடித்தது. வெளியே யாரோ கதவைத் தட்டி, "பாதர் காத்துக்கிட்டு இருக்காரு, நேரமாச்சு" என்றார்கள். நான் தாழ்ப்பாளில் கை வைத்தேன்.

"தொறக்காதளா" என்றார் அத்தை, மூச்சு வாங்கியபடி. "ஒங்க மாமாவுக்கு இன்னும் அழல."