சமமாக்கிய நிலம்

என் அண்ணன் கொலார், பாஸ்கெத் என்பவளைக் கட்டிக்கொண்டு வந்தபோது ஆர்த்ரு ஊரே முகத்தைச் சுளித்தது. கல்யாணத்துக்கு முன் அவள் கீன் கோட்டையில் இங்கிலீஷ் சிப்பாய்களின் துணி வெளுத்தவள். கீன் இங்கிலீஷ் ராஜாவுடையது, ஆர்த்ரு பிரெஞ்சு ராஜாவுடையது. நடுவில் ஒரு பள்ளத்தாக்கும் ஓர் ஓடையும், அவ்வளவுதான். அந்த ஓடையைத் தாண்டி வந்த குற்றத்துக்கு அவளை "இங்கிலீஷ்காரி" என்றே கூப்பிட்டார்கள். அவளும் சளைத்தவள் இல்லை. "ஆமா, உங்க சட்டையையும் குடுங்க, வெளுத்துத் தரேன். அழுக்குக்கு எந்த ராஜா, என்ன பாஷை?" என்பாள். நாத்தனாரான எனக்கு அந்த வாய்க்காகவே அவளைப் பிடித்துப் போயிற்று.

வெகுகாலம் கழித்து அவளுக்கு ஒரு பெண் பிறந்தது. பிறந்தது என்று சொல்லலாமா, தெரியவில்லை. மருத்துவச்சி ஞானஸ்நானம் கொடுக்கத் தண்ணீர்க் கிண்ணத்தை எடுத்துத் திரும்புவதற்குள் மூச்சு நின்றுவிட்டது. ஞானஸ்நானம் ஆகாத பிள்ளைக்குக் கோயில் கல்லறையில் இடம் கிடையாது. பங்குச் சாமியாரின் காலில் விழுந்து பார்த்தோம். "நான் என்னம்மா செய்ய? சட்டம் என் கையில இல்ல" என்று கதவைச் சாத்தினார். அண்ணன் பிள்ளையைத் தன் பழைய சட்டையில் சுற்றி, பள்ளத்தாக்கின் எங்கள் பக்கச் சரிவில் ஒரு மேட்டின் மேல், முள்மரத்தடியில் புதைத்தான். சிலுவை நடக்கூடாது. பெயரும் வைக்கக்கூடாது. அண்ணி ஏதோ ஒரு பெயர் வைத்திருந்தாள். அதை யாரிடமும் சொன்னதில்லை. ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் ஊர் பீர் குடிக்கப் போகும், அவள் மேட்டுக்குப் போவாள்.

"அங்க போயி என்ன அண்ணி பண்றீங்க?" என்று ஒருமுறை கேட்டேன்.

"வீட்டுச் சேதி சொல்லுவேன் மரோய். பசு கன்னு போட்டது, உங்கண்ணன் பட்டாணிக் கஞ்சியத் தீய விட்டது. நான் சொல்லாட்டி அவளுக்கு வேற யாரு சொல்லுவா?"

இப்படியே போயிருக்கும். ஆயிரத்து ஐந்நூற்றிருபதாம் ஆண்டு வசந்தத்தில் இரண்டு ராஜாக்களுக்கும் ஒருவரையொருவர் பார்க்கும் ஆசை வந்து தொலைத்தது. தலைமுறை தலைமுறையாக எங்கள் கூரைகளை மாறி மாறி எரித்தவர்கள், எங்கள் பள்ளத்தாக்கில் வந்து கட்டித் தழுவப் போகிறார்களாம். தங்கத் துணியில் கூடாரம், கண்ணாடி வைத்த மாளிகை, ஒயின் கொட்டும் ஊற்று என்று வண்டி வண்டியாக வந்து இறங்கியது. எல்லாம் சரி, யார் மேலே நிற்பது, யார் கீழே நிற்பது என்பதில்தான் சிக்கல். ஒரு ராஜா குதிரையில் வரும்போது இன்னொரு ராஜாவைவிட ஒரு சாண் உயரமாகத் தெரிந்துவிட்டால் மானம் போய்விடும். இரு தரப்பு அதிகாரிகளும் கயிற்றைப் பிடித்துக்கொண்டு சரிவெல்லாம் அளந்தார்கள். கடைசியில் பிள்ளை கிடந்த எங்கள் பக்கத்து மேட்டை வெட்டி, அந்த மண்ணால் இங்கிலீஷ் பக்கத்துப் பள்ளத்தை நிரப்புவது என்று முடிவானது.

ஆர்த்ரு ஆண்களை எல்லாம் மண்வெட்டியோடு வரச் சொன்னார்கள். அண்ணனும் போனான். மாலையில் வந்து உட்கார்ந்தவன் கஞ்சியைத் தொடவில்லை.

"நானே எடுத்துடறேன் பாஸ்கெத்து. யாரும் பாக்காதப்ப எடுத்து நம்ம கொல்லையில வச்சிரலாம்."

"யாரும் பாக்காத நேரம் ஏதுங்க? அங்க ஒரு ஈ பறந்தாலும் ரெண்டு பக்கத்துக்காரனும் எட்டிப் பாக்கறான்."

அவள் சொன்னதும் சரிதான். இரு தரப்பு ஆட்களும் சேர்ந்து நிற்காமல் அந்த மேட்டில் ஒரு பிடி மண்கூட அள்ளக்கூடாது என்பது ஏற்பாடு. மீறினால் தூக்கு.

"நான் போயி கேட்டுப் பாக்கறேன். கேக்கறதுக்கு என்ன காசா பணமா?" என்று எழுந்தாள் அண்ணி.

நானும் கூடப் போனேன். எங்கள் பக்கத்து அதிகாரி வெர்னே எங்களைப் பார்க்கவே மறுத்துவிட்டார். இங்கிலீஷ் பக்கத்து அதிகாரி ஹக்ஸ்டன், தடித்த மனிதர், பீப்பாய் மேல் உட்கார்ந்து வெங்காயமும் ரொட்டியும் தின்றுகொண்டிருந்தார். அண்ணி அவர் பாஷையிலேயே பேசினாள்.

"உனக்கு எங்க பாஷை எப்படித் தெரியும்?"

"உங்க ஆளுங்க அழுக்கத் துவைச்சுக் கத்துக்கிட்டதுங்க ஐயா. பாதி கெட்ட வார்த்தையாத்தான் இருக்கும், மன்னிச்சுக்குங்க."

மனிதர் சிரித்துவிட்டார். பிறகு அவள் பிள்ளையைப் பற்றிச் சொன்னாள். சிரிப்பு நின்றது. கையில் இருந்த ரொட்டியைக் கீழே வைத்தார்.

"எனக்கும் ரெண்டு போச்சும்மா" என்றார். "எவ்வளவு எடம் வேணும்?"

"ஒரு தொட்டில் அளவுங்க ஐயா. அதுக்கு மேல வேண்டாம்."

அவரே வந்து முள்மரத்தடியில் ஒரு குச்சியை நட்டு, அதில் சிவப்புத் துணியைக் கட்டினார். அந்த இடத்தைத் தொடாமல் சுற்றி வெட்டச் சொன்னார். திரும்பி வரும்போது அண்ணி என் இடுப்பைக் கிள்ளிக்கொண்டே வந்தாள். "பாத்தியா, இங்கிலீஷ்காரியக் கட்டினதுல உங்கண்ணனுக்கு ஒரு லாபமாவது வந்துதா?" என்றாள். அவள் அப்படிச் சிரித்து நான் பார்த்தது அதுதான் கடைசி.

மேடு குறையக் குறைய அந்தத் தொட்டில் அளவு இடம் மட்டும் துருத்திக்கொண்டு நின்றது. சிவப்புத் துணி வெர்னேயின் கண்ணில் பட்டது.

"அந்தத் திட்டு எதுக்கு?"

ஹக்ஸ்டன் உள்ளதைச் சொன்னார். வெர்னே நம்பவில்லை. எப்படி நம்புவார்? எங்கள் ஊர்ப் பெண்ணின் பிள்ளைக்காக இங்கிலீஷ்காரன் இரக்கப்பட்டான் என்றால் நானே நம்பியிருக்கமாட்டேன். அந்தத் திட்டில் எதையோ ஒளித்து வைத்திருக்கிறார்கள், வெடிமருந்தாகக்கூட இருக்கலாம் என்று அவருக்குத் தோன்றிவிட்டது. சாமியாரைக் கூப்பிட்டுக் கேட்டார்.

"சாமி, இங்க கல்லறை ஏதாவது இருக்கா?"

சாமியார் என்னோடு ஓரமாக நின்றிருந்த அண்ணியைப் பார்த்தார், பிறகு தரையைப் பார்த்தார். "கல்லறைன்னு ஒண்ணும் கிடையாதுங்க" என்றார். சட்டப்படி அவர் சொன்னது பொய்யில்லை. அவர் முகத்தில் காறித் துப்பலாம் என்று எனக்கு வந்த ஆத்திரத்தை இன்றுவரை விழுங்கிக்கொண்டுதான் இருக்கிறேன்.

"தோண்டுங்க, ஆழமா" என்றார் வெர்னே.

ஹக்ஸ்டன் குறுக்கே வந்து ஏதோ கத்தினார். அவர் கத்தக் கத்த வெர்னேயின் சந்தேகம் கூடியது. அண்ணன் மண்வெட்டியோடு ஓடி வந்தான். "ஐயா, நான் வெட்டறேன் ஐயா. என்னை விடுங்க, மெதுவா வெட்டறேன்" என்று கெஞ்சினான்.

"இவன் ஏன் இப்படிப் பறக்கறான்? இவனப் புடிச்சு அந்தாண்ட நிறுத்துங்க!"

வெளியூர் ஆட்கள் இரண்டு பேர் கடப்பாரையோடு வந்தார்கள். அண்ணனை மூன்று சிப்பாய்கள் பிடித்துக்கொண்டார்கள். அண்ணி கத்தவில்லை. "தலை அந்தப் பக்கம், தலை அந்தப் பக்கம், பாத்து" என்று மட்டும் சொல்லிக்கொண்டே இருந்தாள். மக்கிப்போன துணி ஒன்று வந்தது. அதோடு சின்னச் சின்னதாகச் சில எலும்புகள்.

வெர்னே குனிந்து பார்த்தார். குழியைக் கழியால் குத்திப் பார்த்தார்.

"ஒண்ணுமில்ல. வண்டியில போடுங்க."

மண்ணோடு மண்ணாக வாரிப் போட்டார்கள். வண்டி ஓடையைத் தாண்டியது. அண்ணி பின்னாலேயே ஓடினாள். எல்லையில் காவல்காரர்கள் ஈட்டியைக் குறுக்கே நீட்டிவிட்டார்கள். அந்தப் பக்கம் வரிசையாக நின்ற வண்டிகளில் அது எது என்பதே சற்று நேரத்தில் தெரியாமல் போயிற்று. ஒவ்வொன்றாகப் பள்ளத்தில் கவிழ்த்தார்கள்.

கேட்காமலே இருந்திருந்தால் அண்ணனாவது அவன் கையால் அள்ளியிருப்பான் என்று ஊரில் பேசினார்கள். பேசினவர்கள் யாரும் பெற்றவர்களாக இருக்க முடியாது.

ராஜாக்கள் வந்தார்கள். எங்களைத் துரத்திவிட்டார்கள். எக்காளச் சத்தமும் பீரங்கிச் சத்தமும் தூரத்திலிருந்து கேட்டோம். ஒரே மட்டமான தரையில், ஒரு விரல்கூட ஏறாமல் இறங்காமல் கட்டித் தழுவிக்கொண்டார்களாம். எல்லாரும் மெச்சினார்கள்.

கூடாரங்கள் போனபின் அந்தப் பள்ளம் இருந்த இடம் ஓர் இங்கிலீஷ் குடியானவனின் வாற்கோதுமை வயலாயிற்று. அண்ணி அவனிடம் களையெடுக்கும் கூலியாகச் சேர்ந்தாள். ஊர் மறுபடியும் வாயைத் திறந்தது. அவள் பதில் சொல்வதை விட்டிருந்தாள். பிள்ளை எந்த இடத்தில் கிடக்கிறாள் என்று தெரியாததால் வயல் முழுவதும் பிள்ளையாயிற்று. வரப்போரமாகவே நடப்பாள். களை எடுக்க உள்ளே இறங்கினால் முட்டிபோட்டு, ஒவ்வோர் இடத்தையும் கையால் தடவிப் பார்த்தபின்தான் நகர்வாள். "இவ்வளவு மெதுவா வேலை செஞ்சா எனக்கு எப்படிக் கட்டுப்படியாகும்?" என்று அந்தக் குடியானவன் கத்துவான், ஆனால் அவளை நிறுத்தவில்லை.

கட்டித் தழுவிய இரண்டு ராஜாக்களும் இரண்டே வருடத்தில் மறுபடி சண்டைக்குப் போனார்கள். கொள்ளையடிக்கும் குதிரைப்படை வந்த அன்று நாங்கள் ஐந்தாறு பெண்கள் ஓடைக்கரையில் இருந்தோம். எந்த ராஜாவின் குதிரை என்று யாருக்குத் தெரியும்? ஒளிவதற்கு இருந்தது எதிரே உள்ள நாணல் சதுப்புதான். நடுவில் அந்த வயல். நாங்கள் பயிரை மிதித்துக்கொண்டு நேராக ஓடினோம். சதுப்பில் விழுந்து திரும்பிப் பார்த்தால் அண்ணி எங்களோடு இல்லை.

அவள் வரப்பைச் சுற்றி ஓடி வந்துகொண்டிருந்தாள்.

"அண்ணி! குறுக்க வாங்க! குறுக்க!" என்று கரடியாகக் கத்தினேன். அவளுக்குக் கேட்டது. கையை ஆட்டினாள். பாதி வரப்புகூடத் தாண்டவில்லை, குதிரைகள் அவள் மேல் ஏறிவிட்டன.

மாலையில் அண்ணன் வந்தான். அவள் தலையை மடியில் எடுத்து வைத்து, நெற்றியில் ஒட்டிய முடியை ஒதுக்கிக்கொண்டே இருந்தான். நாங்கள் அழுதோம், அவன் அழவில்லை. அவளிடம் பேசினான்.

"ஏன்டி சுத்திப் போன? நம்ம புள்ளதானே. மிதிச்சிட்டு ஓடியிருந்தா அவ ஒண்ணும் சொல்லியிருக்க மாட்டாளே."