பேட்டரிக்கு அடியில் முருகன்

கண்டி மஹய்யாவயில் இருக்கும் என் போன் திருத்தும் கடைக்கு, ஹந்தானைத் தேயிலைத் தோட்டத்து அக்கா ஒருவர் வந்தார். கையில் பழைய ஆண்ட்ராய்ட் போன். கம்பெனி லோகோவைத் தாண்டாமல் நின்றுபோயிருந்தது.

“புள்ள மொத மொத நடந்ததெல்லாம் இதுலதான் தம்பி கெடக்கு. அவரு அடுத்த மாசம் வர்றாரு,” என்றார். கணவருக்கு வளைகுடாவில், இணையம் எட்டாத பாலைவனத்தில் வேலை. மகள் பிறந்த பிறகு இன்னும் ஊருக்கு வரவில்லை. போன் அவர் அங்கிருந்து கொடுத்தனுப்பியது.

போனை இயக்கும் மென்பொருளை, அதாவது பர்ம்வேரை, மறுபடி ஏற்றினால் சரியாகிவிடும். ஆனால் அதை ஏற்றும் கோப்புக்குள் பல பகுதிகள் உண்டு. படங்கள் இருக்கும் பகுதிக்கு எதிரே உள்ள டிக்கை எடுக்க மறந்தால், போன் புத்தம் புதிதாக எழுந்து உட்காரும். பிள்ளை நடந்தது மட்டும் இருக்காது. அதைவிட ஆபத்து, மாடல் மாறிப்போவது. ஒரே பெயரில் இங்கே விற்பது ஒன்று, வளைகுடாவில் விற்பது வேறொன்று. மாற்றி ஏற்றினால் போன் வெறும் செங்கல்தான்.

பின்மூடி பிறகு இங்கே கண்டியில் மாற்றியது. அதிலிருந்த மாடல் எண்ணை நம்பி நான் கோப்பை இறக்கியும் வைத்துவிட்டேன். எதற்கும் பார்ப்போம் என்று பேட்டரியைக் கழற்றினால், உள்ளே மாடல் எண் இருக்க வேண்டிய இடத்தில் முருகன் படம் ஒட்டியிருந்தது. ஓரத்தில் நகத்தை வைத்தேன்.

“சாமிய பிக்காதீங்க தம்பி! போன் பத்திரமா வந்து சேரணும்னு அவரு ஒட்டி அனுப்புனது.”

எனக்குக் கோபம் மூக்குக்கு மேல். “அப்ப முருகனையே திருத்தச் சொல்லுங்க!” என்றேன்.

அக்கா வெளியே பைப்பில் கை கழுவிவிட்டு வந்தார். கன்னத்தில் போட்டுக்கொண்டு, “முருகா, கோவிச்சுக்காதப்பா,” என்று தானே மெல்ல உரித்தார். கிழியாமல் வந்தது.

கீழே இருந்த எண்ணில் கடைசி எழுத்து வேறு. பின்மூடியை நம்பி ஏற்றியிருந்தால் செங்கல்தான். இறக்கியிருந்த கோப்பை அழித்தேன். சரியானதைத் தேடி எடுத்து, பழுதில்லாமல் இறங்கியிருக்கிறதா என்று சரிபார்த்தேன். போனில் உள்ளதையெல்லாம் அப்படியே கணினியில் ஒரு பிரதி எடுத்தேன். பதறாத காரியம் சிதறாது என்பார்கள். டிக்கை எடுத்தேனா என்று திரும்பவும் பார்த்துவிட்டுத்தான் ஏற்றினேன்.

லோகோ வந்தது. நின்றது. அக்கா நான் உட்கார்ந்திருந்த கதிரையைப் பிடித்துக்கொண்டு நின்றார். பிறகு திரை திறந்தது. படங்கள் எல்லாம் அப்படியே இருந்தன. ஒரு வீடியோவைத் தொட்டார். லயத்து வீட்டு வாசல், தரையில் இரண்டு சின்னக் கால்கள். எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. நானும் எட்டிப் பார்த்தேன்.

அக்கா போனை நெஞ்சோடு அணைத்து மறைத்துக்கொண்டார்.

“நீங்க பாக்காதீங்க தம்பி. அவரு இன்னும் பாக்கல.”